மனோவசியம்: வேடிக்கையா, மருத்துவமா?

எங்கள் ஊர்ப் பள்ளி ஒன்றின் ஆண்டு விழாக் குழுவில் உறுப்பினராக உள்ள அன்பர் ஒருவர் சில மாதங்களுக்கு முன் என்னைக் காண வந்தார். விழாவில் மாணவர்களை மகிழ்விக்க மனோவசியக் காட்சி ஒன்றை ஏற்பாடு செய்யலாமா என்று குழுவில் பேச்சு நடந்ததாம். "அம்மா, தாங்கள் பல்லாண்டு பிள்ளைகளோடு பழகியவர்கள். இதில் தவறேதும் உண்டா? மருத்துவர்களே இதைக் கையாள்கிறார்களே!" என்று கேட்டார். வேண்டாம் என்று உடனே சொல்லிவிட்டேன். ஏன் வேண்டாம் என்று அவர் மீண்டும் கேட்டபோது கோவையாக விடை கூற இயலவில்லை. காரணம் கூறாமல் தடுப்பது கற்பித்தல் ஆகாது என்று ஆசிரியர் பயிற்சிப் பள்ளியில் எங்களுக்குச் சொல்லித் தந்திருந்தார்கள். அன்று நான் கூறத் தவறிய காரணத்தை இங்கே நிதானமாக எழுதிப் பார்க்கிறேன்.

மனோவசியம் என்பது யாது?

இதற்கு மெஸ்மெரிசம் என்ற பெயரும் உண்டு. வியன்னாவில் மருத்துவம் பயின்ற மெஸ்மர் என்பவரின் பெயரால் அது வந்தது. உயிர்களின் உடலில் கண்ணுக்குப் புலனாகாத காந்த நீர்மம் ஒன்று ஓடுகிறது, அதன் ஓட்டம் தடைப்படுவதே நோய் என்று அவர் கருதினார். 1778-இல் பாரிசு நகரில் குடியேறினார். பெரியதொரு மரத்தொட்டியைச் சுற்றி நோயாளிகளை அமர்த்தி, அதிலிருந்து நீண்ட இரும்புக் கம்பிகளைப் பிடிக்கச் செய்து மருத்துவம் பார்த்தார். செல்வர்களும் பிரபுக்களும் திரண்டனர். சிலர் அழுதனர், சிலர் சிரித்தனர், சிலர் வலிப்புற்று வீழ்ந்தனர். பலர் குணமடைந்ததாகவும் கூறினர்.

1784-இல் பிரெஞ்சு மன்னர் பதினாறாம் லூயி இதனை ஆராய ஒரு குழுவை அமைத்தார். மின்னலை ஆராய்ந்த பெஞ்சமின் பிராங்க்ளினும் வேதியியல் அறிஞர் லவாய்சியரும் அதில் இருந்தனர். அவர்கள் செய்த ஒரு சோதனை இன்றும் பள்ளிப் பிள்ளைகளுக்குச் சொல்லத் தக்கது. தோட்டத்தில் ஒரு மரத்துக்கு மட்டும் காந்தம் ஏற்றப்பட்டதாகச் சொன்னார்கள். மெஸ்மரின் முறையில் எளிதில் மயங்கும் சிறுவன் ஒருவனைக் கண்ணைக் கட்டி மரம் மரமாக அழைத்துச் சென்றார்கள். காந்தமேற்றிய மரத்தை அணுகுமுன்பே, வேறொரு மரத்தடியில் அவன் மயங்கி வீழ்ந்தான். காந்த நீர்மம் என ஒன்றில்லை, விளைவுகள் யாவும் கற்பனையால் நேர்பவை என்று குழு முடிவு கூறியது. அக்குழு மன்னருக்கு மட்டும் தனியே மற்றோர் அறிக்கையும் அளித்தது. மருத்துவம் செய்யும் ஆடவர்க்கும் மயங்கிய நிலையில் உள்ள பெண்டிர்க்கும் இடையே நேரக்கூடிய ஒழுக்கக் கேட்டைப் பற்றியது அது. மனோவசியம் உண்மையா என்ற வினாவும் அது முறையா என்ற வினாவும் ஒரே ஆண்டில் எழுந்துவிட்டன.

காந்தம் பொய்யானால் மயக்கம் எங்கிருந்து வந்தது? இதற்குத் தெளிவான விடை கண்டவர்களுள் முன்னவர் நம் நாட்டவர் என்பது பலர் அறியாத செய்தி. 1756-இல் கோவாவில் பிறந்து பாரிசில் வாழ்ந்த ஃபாரியா என்னும் பாதிரியார், இயக்குபவரின் கையில் எந்த ஆற்றலும் இல்லை, உட்படுபவரின் மனமே அனைத்தையும் செய்துகொள்கிறது என்று கூறினார். அவருடைய நூல் 1819-இல், அவர் மறைந்த ஆண்டிலேயே வெளிவந்தது. ஒரு பெண்ணின்மேல் கை நீட்டி நிற்கும் கோலத்தில் அவருடைய சிலையைப் பணஜி நகரில் இன்றும் காணலாம்.

பின்னர் 1841-இல் மான்செஸ்டர் நகரில் மேடைக்காட்சி ஒன்றைக் காணச் சென்ற பிரெய்டு என்னும் அறுவை மருத்துவர், ஏமாற்றை வெளிப்படுத்த வேண்டும் என்றே சென்றார். ஆனால் மயங்கியவர்களின் கண்ணிமைகளில் கண்ட மாற்றம் பொய்யன்று என உணர்ந்து வீடு திரும்பித் தாமே சோதித்தார். உறக்கத்துக்குரிய கிரேக்கச் சொல்லிலிருந்து ஹிப்னாடிசம் என்ற பெயரை நிலைபெறச் செய்தவர் அவரே. மேடை வேடிக்கையிலிருந்தே மருத்துவ ஆராய்ச்சி பிறந்தது என்பதை நாம் ஒப்புக்கொள்ள வேண்டும்.

பெயர் உறக்கத்தைக் குறித்தாலும் அது உறக்கமன்று. மூளையின் மின்னலைகளைப் பதிவு செய்து பார்த்தவர்கள் அது விழிப்பு நிலையே என்று காட்டியுள்ளனர். கவனம் ஒன்றிலேயே குவிந்து, பிறர் கூறும் கருத்தை ஆராயாமல் ஏற்கும் நிலை அது. இதனைக் கல்வி உளவியலில் கருத்தேற்றம் என்று படித்தோம். எல்லாரும் ஒரே அளவில் இதற்கு உட்படுவதில்லை. மிக எளிதில் ஆழ்ந்து செல்வோர் சிலரே, சற்றும் அசையாதோரும் சிலரே, ஏனையோர் இடைப்பட்டவர்.

நான் கண்ட காட்சி

1979-ஆம் ஆண்டு நான் ஓர் உயர்நிலைப் பள்ளியில் ஒன்பதாம் வகுப்புக்கு வகுப்பாசிரியையாக இருந்தேன். மனோவசிய நிபுணர் என்று சொல்லிக்கொண்டு ஒருவர் நற்சான்றுக் கடிதங்களோடு வந்தார். மாணவர் ஒருவருக்கு இருபத்தைந்து காசு கட்டணம். கூட்ட அறையில் நாங்கள், ஆசிரியர்கள், முன்வரிசையில் அமர்ந்தோம்.

மேடைக்கு வர விருப்பமுள்ளோர் கையுயர்த்தலாம் என்றார். பலர் உயர்த்தினர். பத்துப் பன்னிரண்டு பேரைத் தேர்ந்து, கைகளைக் கோக்கச் சொல்லிப் பிரிக்க முடியாது என்றார். பிரித்தவர்களைத் திருப்பி அனுப்பினார். பிரிக்காத ஐவர் எஞ்சினர். ஒரு பையன் பச்சை வெங்காயத்தைக் கொய்யாப்பழம் என்று சுவைத்துத் தின்றான். மற்றொருவன் தரையில் நீந்தினான். அரங்கு அதிர்ந்தது.

பிறகு என் வகுப்பு மாணவி ஒருத்தியை முன்னே அழைத்தார். "உனக்கு இப்போது ஐந்து வயது. திருவிழாக் கூட்டத்தில் அம்மாவைத் தொலைத்துவிட்டாய். கூப்பிடு" என்றார். அவள் "அம்மா, அம்மா" என்று அழைக்கத் தொடங்கினாள். குரல் குழந்தையின் குரலாயிற்று. கண்ணீர் வழிந்தது. மேடையின் இந்த முனைக்கும் அந்த முனைக்கும் ஓடித் தேடினாள். கூட்டம் சிரித்தது.

அவளுடைய தாய் அவள் ஆறாம் வயதில் இறந்துவிட்டார். பெற்றோர் பெயர் எழுத வேண்டிய இடத்தில் பாட்டியின் பெயரை என் கையால் எழுதியிருந்தேன். அறிந்திருந்தும் நானும் சிரித்துக்கொண்டிருந்தேன். சில நொடிகள்தாம், எனினும் சிரித்தேன். நினைவு வந்து எழுவதற்குள் அவர் விரலைச் சொடுக்கி அவளை எழுப்பி, கைதட்டச் சொல்லி, கீழே அனுப்பிவிட்டார். மாலைப் பேருந்தில் ஊரை விட்டும் சென்றுவிட்டார்.

ஒரு வாரம் கழித்து அவளைத் தனியே அழைத்து, நடந்தது நினைவிருக்கிறதா என்று கேட்டேன்.

"எல்லாம் நினைவிருக்கு, டீச்சர். நான் தூங்கவே இல்லை."

"பிறகு ஏன் அம்மா நிறுத்தவில்லை?"

"நீங்க எல்லாரும் முன்னால உக்காந்திருந்தீங்களே, டீச்சர். தப்பா ஒண்ணும் நடக்காதுன்னு நெனச்சேன்."

அவ்வாண்டு முழுவதும் அவள் வகுப்பில் எழுந்து பாடம் படிக்கத் தயங்கினாள். இடைவேளையில் "அம்மா, அம்மா" என்று கேலி செய்த பிள்ளைகளைக் கண்டித்தேன். ஆனால் அவர்களுக்கு முன்னரே சிரித்தவர்கள் நாங்கள்.

இசைவு என்பது எது?

மேடைக்காரர்கள் வழக்கமாகக் கூறும் சமாதானம் ஒன்றுண்டு: "அவரவர் விருப்பத்தோடுதான் மேடைக்கு வருகிறார்கள். தமக்கு ஒவ்வாததை எவரும் மயக்கத்திலும் செய்யமாட்டார்." கேட்பதற்கு நியாயமாகவே தோன்றும்.

இதனைச் சோதித்தவர்கள் உண்டு. 1965-இல் ஆர்ன், எவான்ஸ் என்ற இரு உளவியலார் ஓர் ஆய்வை வெளியிட்டனர். மனோவசியத்துக்கு உட்பட்ட அறுவரிடம் நச்சுப்பாம்பைக் கையால் எடுக்கவும், அமிலத்தில் கிடக்கும் நாணயத்தை எடுக்கவும், அமிலத்தை உதவியாளர்மீது வீசவும் கூறினர். யாருக்கும் தீங்கு நேராதபடி மறைவான காப்புகள் செய்யப்பட்டிருந்தன, உட்பட்டவர்களோ அதனை அறியார். அறுவரில் ஐவர் செய்தனர். வியப்பு இதன்பின் உள்ளது. மயங்கியதுபோல் நடிக்கும்படி மட்டும் கூறப்பட்ட வேறு அறுவரும் அவற்றைச் செய்தனர். காரணம் கேட்டபோது, பொறுப்புள்ளவர்கள் நடத்தும் சோதனையில் கேடு நேர விடமாட்டார்கள் என்று நம்பியதாகக் கூறினர்.

இதனைப் படித்தபோது என் மாணவியின் சொற்களே காதில் ஒலித்தன. அவள் மனத்தை எவரும் பூட்டவில்லை. பெரியவர்கள் இருக்கிறார்கள் என்ற நம்பிக்கையால் அவளே அதைத் திறந்து வைத்தாள். மனோவசியத்தின் ஆபத்து, அது மனிதனைப் பொம்மையாக்குகிறது என்பதில் இல்லை. நம்பிக்கையை முதலாகக் கொண்டு நடப்பது அது. அந்த நம்பிக்கையை எதற்குப் பயன்படுத்துகிறோம் என்பதில்தான் அறம் நிற்கிறது.

அவள் கையுயர்த்தியது உண்மையே. எதற்கு உயர்த்தினாள்? விளையாட்டுக்கு. தாயின் நினைவை நானூறு பேர் முன் திறந்து காட்டுவதற்கு அன்று. இன்னது நேரும் என்று அறியாமல் தரப்படும் இசைவை முழு இசைவு என்று கொள்ளலாகாது. அவ்விசைவை இடையில் திரும்பப் பெறவும் வழியிருக்க வேண்டும். நானூறு பேர் சிரிக்கும் மேடையில் பதினான்கு வயதுப் பெண்ணுக்கு அவ்வழி ஏது?

தீமையைத் தானே செய்தல், பிறரைக் கொண்டு செய்வித்தல், செய்வதற்கு உடன்படல் ஆகிய மூன்றையும் ஒன்றாக எண்ணும் மரபில் வளர்ந்தவர்கள் நாம். அன்று செய்தவர் ஒருவர். கட்டணம் வாங்க இசைந்து செய்வித்தது பள்ளி. சிரித்து உடன்பட்டவர்கள் நாங்கள். அவர் பேருந்தேறிச் சென்றுவிட்டார் என்பதால் மற்ற இரண்டும் நீங்கிவிடவில்லை.

பிரித்தானியாவில் 1952-ஆம் ஆண்டிலேயே மனோவசியக் காட்சிகளைக் கட்டுப்படுத்தச் சட்டம் இயற்றினர். 21 வயது நிரம்பாதோரை மேடையில் மயக்கத்தில் ஆழ்த்துதல் குற்றம் என்று அது கூறிற்று. பின்னர் அவ்வயது 18 ஆக்கப்பட்டது. பெரியவர்களுக்கு அனுமதித்ததையே பிள்ளைகளுக்கு மறுத்த இவ்வேறுபாட்டில் அறிவுடைமை உள்ளது.

மருத்துவர் கையில்

வேடிக்கையில் கேடு உண்டு என்பதற்காக மருத்துவத்தையும் வெறுப்பது நேர்மையன்று. 1845-இல் வங்காளத்தின் ஹூக்ளியில் எஸ்டெய்ல் என்னும் ஸ்காட்லாந்து மருத்துவர், விரைவீக்கத்தால் துடித்த சிறைக்கைதி ஒருவரை இம்முறையால் மயக்கி வலி தணித்தார். மயக்க மருந்துகள் வழக்கத்துக்கு வராத காலம் அது. அறுவை என்றால் நான்குபேர் பிடித்துக்கொள்ள, நோயாளி அலற, கத்தி வைப்பதே முறை. அதன்பின் பெருங்கட்டிகள் பலவற்றை அவர் இம்முறையில் அறுத்து நீக்கினார். அரசு ஒரு குழுவை அமைத்துச் சோதித்து, 1846-இல் கல்கத்தாவில் இதற்கென ஒரு மருத்துவமனையையும் அவருக்கு அளித்தது. அதே ஆண்டில் பாஸ்டனில் ஈதரும், அடுத்த ஆண்டில் எடின்பரோவில் குளோரோஃபாமும் அறிமுகமாகவே, மணிக்கணக்கில் கைவீசி மயக்கும் முறை வழக்கொழிந்தது.

எஸ்டெய்லின் தொண்டை மதிக்கும்போதே ஒன்றைக் கவனிக்க வேண்டும். அவரிடம் வந்தவர்கள் பெரும்பாலும் ஏழைகள், முதலில் உட்பட்டவரோ கைதி. கண்பார்வையற்ற ஒருவரை அவர் அறியாமலே மயக்கிப் பார்த்ததை எஸ்டெய்லே தம் நூலில் பெருமையோடு எழுதியுள்ளார். வலியைத் தீர்த்த கைதான், கேளாமலும் மனத்தைத் தொட்டது. நன்மை செய்பவருக்கும் எல்லை வேண்டும் என்பதற்கு இது சான்று.

இக்காலத்தில் மனோவசியம் மருத்துவத்தில் அளவான இடம் பெற்றுள்ளது. 1955-இல் பிரித்தானிய மருத்துவக் கழகமும் 1958-இல் அமெரிக்க மருத்துவக் கழகமும் பயிற்சி பெற்றோர் கையாளத்தக்க முறையாக இதனை ஏற்றன. 1984-இல் மான்செஸ்டர் மருத்துவர்கள், பிற மருந்துகளுக்கு அடங்காத குடல் எரிச்சல் நோயுற்ற 30 பேரிடம் இதனைச் சோதித்து நற்பயன் கண்டனர். மகப்பேற்றிலும் பல் மருத்துவத்திலும் தீப்புண்ணுக்குக் கட்டு மாற்றும்போதும் வலியையும் அச்சத்தையும் தணிக்க இது உதவுகிறது. புகைப்பழக்கத்தை ஒரே அமர்வில் ஒழிப்பதாகச் செய்யப்படும் விளம்பரங்களுக்கு அத்தகைய உறுதியான சான்று இல்லை.

மேடைக்கும் மருத்துவமனைக்கும் வேறுபாடு என்ன? மருத்துவர் முதலில் நோயாளியின் வரலாற்றைக் கேட்கிறார். தாய் இறந்த செய்தி அவருக்கு முன்பே தெரிந்திருக்கும். செய்யப்போவதைச் சொல்கிறார். அறையில் நகைப்பவர் இல்லை. நோயாளி போதும் என்றால் நிறுத்துகிறார். மறுநாள் துன்பம் எழுந்தால் அவரைத் தேடிச் செல்ல முகவரி இருக்கிறது. கருத்தேற்றம் இரண்டிடத்தும் ஒன்றே. யாருடைய நன்மைக்காக, யாருடைய பொறுப்பில் என்பதே வேறு.

மருத்துவருங்கூட இவ்வேறுபாட்டை மறந்ததுண்டு. பாரிசின் புகழ்பெற்ற நரம்பியல் மருத்துவர் ஷார்க்கோ, தம் மருத்துவமனைப் பெண் நோயாளிகளை மாணவர்களும் எழுத்தாளர்களும் நிரம்பிய அரங்கில் மயக்கிக் காட்டினார். 1887-இல் வரையப்பட்ட ஓவியம் ஒன்று அக்காட்சியை இன்றும் காட்டுகிறது. மருத்துவமனையில் நடந்தது என்பதால் மட்டும் ஒன்று மருத்துவம் ஆகிவிடாது.

நினைவும் பொய்ந்நினைவும்

இனி, நம்மவர் சிறப்பாகக் கருத வேண்டிய செய்தி ஒன்று. மனோவசியத்தால் மறந்த நினைவுகளை மீட்கலாம், முற்பிறவியையும் காணலாம் என்கிறார்கள். 2009-இல் ஓர் இந்தித் தொலைக்காட்சி இதையே தொடர் நிகழ்ச்சியாக நடத்தியது. மறுபிறப்பில் நம்பிக்கையுள்ள நம் வீடுகளில் இதற்கு ஈர்ப்பு மிகுதி.

1952-இல் அமெரிக்காவின் கொலராடோ மாநிலத்தில் இல்லத்தரசி ஒருவர் மயக்க நிலையில், தாம் முற்பிறவியில் அயர்லாந்தில் பிரைடி மர்ஃபி என்ற பெயரில் வாழ்ந்ததாகக் கூறினார். 1956-இல் அது நூலாகி உலகெங்கும் பரபரப்பூட்டியது. செய்தியாளர்கள் அயர்லாந்தில் தேடியபோது அவர் பிறப்புக்கோ இறப்புக்கோ பதிவு கிடைக்கவில்லை. அப்பெண்மணி சிறுமியாகச் சிகாகோவில் வாழ்ந்தபோது எதிர்வீட்டில் அயர்லாந்து வழியினரான, பிரைடி மர்ஃபி என்பதையே கன்னிப்பெயராகக் கொண்ட ஒருவர் இருந்தார் என்று ஒரு செய்தித்தாள் கண்டுபிடித்தது. அப்பெண்மணி பொய் சொன்னார் என்று கூற வேண்டியதில்லை. மயக்க நிலையில் மனம் கேட்டவற்றையும் கண்டவற்றையும் கோத்து, கேள்வி கேட்பவர் எதிர்பார்க்கும் கதையை நெய்து, அதனைத் தன் நினைவு என்றே நம்பிவிடுகிறது.

இது முற்பிறவிக் கதையோடு நின்றால் பெருந்தீங்கில்லை. அமெரிக்காவில் 1980-களிலும் 90-களிலும் இவ்வாறு மீட்கப்பட்ட நினைவுகளை நம்பிப் பெற்றோர்மீது கொடும்பழி சுமத்திய வழக்குகள் எழுந்தன, குடும்பங்கள் சிதறின. மயக்கத்தில் கூறப்படுவது தெளிவாகவும் உறுதியாகவும் இருக்கும், ஆயினும் உண்மையாக இருக்கும் என்பதற்கு உறுதியில்லை என 1985-லேயே அமெரிக்க மருத்துவக் கழகத்தின் குழு எச்சரித்திருந்தது. மறுபிறப்பை நம்புவது வேறு. கட்டணம் வாங்கிக்கொண்டு ஒருவர் அரைமணியில் காட்டும் கதையை அதற்குச் சான்றாகக் கொள்வது வேறு. நம் நம்பிக்கை இத்தகைய ஊன்றுகோலை வேண்டி நிற்கவில்லை.

மனத்தின் வாயில்

நம் உச்ச நீதிமன்றம் 2010-இல் செல்வி என்பார் தொடுத்த வழக்கில் தந்த தீர்ப்பு இங்கே நினைக்கத் தக்கது. குற்றம் சாட்டப்பட்டவராயினும், அவர் இசைவின்றி மருந்து செலுத்தி அரைமயக்கத்தில் பேசவைத்தல் கூடாது, அது அரசியலமைப்புத் தரும் உரிமைக்கு மாறானது என்று நீதிமன்றம் கூறிற்று. கொலைக் குற்றத்தைக் கண்டறிவதற்குக்கூட ஒருவர் மனத்துள் அவர் இசைவின்றி நுழையலாகாது என்றால், ஆண்டு விழாவில் ஒரு மணிநேரச் சிரிப்புக்காக நுழையலாமா?

ஆகவே எவரேனும் மனோவசியம் செய்ய முன்வரும்போது நான்கு வினாக்களைக் கேட்போம். இதனால் பயன்பெறுபவர் உட்படுபவரா, பார்ப்பவரா? என்ன நேரும் என்று அவருக்கு முன்னரே சொல்லப்பட்டதா? நாணமின்றி இடையில் நிறுத்த அவருக்கு வழியுண்டா? பின்னர் துன்பம் வந்தால் பொறுப்பேற்பவர் யார்? நான்குக்கும் நேரிய விடை தருபவர் மருத்துவராயின் அவரை அணுகுவதில் குறையில்லை. வயது வந்த ஒருவர் அனைத்தும் அறிந்து மேடையேற விரும்பினால் அவரைத் தடுக்க நான் யார்? ஆனால் பிள்ளைகளை நம் பொறுப்பில் விட்டிருக்கிறார்கள். அவர்கள் கையுயர்த்துவது நம்மை நம்பியே.

முடிக்குமுன் என்னைப் போன்றோர்க்கும் ஒரு சொல். கருத்தேற்றம் மேடைக்காரரிடம் மட்டும் இல்லை. "உனக்குக் கணக்கு வராது" என்று நாற்பது பேர் முன்னிலையில் ஓர் ஆசிரியர் கூறும் ஒரு சொல், சொடுக்கி எழுப்ப எவருமின்றிப் பிள்ளையின் வாழ்நாள் முழுவதும் வேலை செய்வதுண்டு. அத்தகைய சொற்களை நானும் சொல்லியிருக்கிறேன். பிறர் மனத்தின் வாயிலில் நிற்கும் எவரும், தாயோ ஆசிரியரோ மருத்துவரோ, தட்டிவிட்டு, உள்ளிருப்பவர் திறக்கும்வரை காத்திருக்கக் கற்க வேண்டும்.

விழாக் குழு அன்பருக்கு என் விடை இதுவே. பிள்ளைகளைச் சிரிக்க வைக்க வேறு வழிகள் எத்தனையோ உண்டு. நாடகம் போடச் சொல்லுங்கள். அதில் அழுகின்ற பிள்ளை, அழுவதைத் தானே தேர்ந்து அழும்.